அருளர் (இசைத்தொகுப்பு)

அருளர் என்பது எம்.ஐ.ஏ. என்ற பெயரில் பாடும் மாதங்கி 'மாயா' அருள்பிரகாசத்தின் முதல் இசைத்தொகுப்பு. 2005 மார்ச்சில் அமெரிக்காவிலும் ஏப்ரலில் பிரித்தானியாவிலும் வெளிவந்தது. லண்டனின் எக்ஸ்எல் ரெக்கார்டிங்ஸ் நிறுவனம் வெளியிட்டது. அமெரிக்காவில் இன்டர்ஸ்கோப் நிறுவனமும் சேர்ந்துகொண்டது. பாடல்கள் ஆங்கிலத்தில் உள்ளன. தலைப்போ பாடகியின் தந்தை ஈழ அரசியலில் அறியப்பட்ட பெயர். யாழ்ப்பாணத்தில் சிறுவயதைக் கழித்த ஒருவரின் இசை மேற்கத்திய பொப் உலகில் இந்த அளவுக்குப் பேசப்பட்டது இதற்கு முன் இல்லை எனலாம்.

பாடகியின் தந்தை அருள்பிரகாசம் மொஸ்கோவில் படித்த பொறியியலாளர். 1975இல் லண்டனில் இளையதம்பி இரத்தினசபாபதி முதலானோருடன் ஈரோஸ் என்ற ஈழ விடுதலை இயக்கத்தைத் தொடங்கியவர்களில் ஒருவர். தமிழ் வாசகர்களுக்கு அவர் 'லங்காராணி' நாவலின் ஆசிரியர். 1977இன் தமிழர் எதிர்ப்பு வன்செயலுக்குப் பின் கொழும்பிலிருந்து தமிழ் அகதிகளை ஏற்றிக்கொண்டு வடக்கே சென்ற கப்பல்தான் அந்த நாவலின் களம். இசைத்தொகுப்பு வருவதற்குக் கால் நூற்றாண்டுக்கு முன்பே 'அருளர்' என்ற பெயர் ஒரு புத்தக அட்டையில் இருந்தது என்பதை மேற்கத்திய விமர்சகர்களில் அறிந்தவர் மிகச் சிலரே. அருள்பிரகாசம் 2019 டிசம்பரில் காலமானார்.

மாயா 1975 ஜூலை 18 அன்று லண்டன் ஹவுன்ஸ்லோவில் பிறந்தார். ஆறு மாதக் குழந்தையாக இருந்தபோது குடும்பம் இலங்கைக்குத் திரும்பியது. தாய் கலாவுடனும் உறவினர்களுடனும் யாழ்ப்பாணத்தில் வளர்ந்தார். தகப்பன் தேடப்படும் ஆள் என்பதால் வீட்டுக்கு எப்போதாவதுதான் வருவார். பிள்ளைகள் வெளியில் வாய்தவறிச் சொல்லிவிடக்கூடாது என்று, வந்துபோகிறவர் ஒரு மாமா என்றே அவர்களிடம் சொல்லியிருந்தார்கள். இடையில் சில காலம் சென்னை வாசம். 1986 அளவில் தாயும் பிள்ளைகளும் அகதிகளாக லண்டன் சேர்ந்து, நகரின் தென்புறம் மிச்சம் பகுதியிலுள்ள ஃபிப்ஸ் பிரிட்ஜ் அரச தொடர்மாடிக் குடியிருப்பில் தங்கினார்கள். தகப்பன் கூட வரவில்லை.

இங்கே ஒரு திருத்தம் அவசியம். மேற்கத்திய இதழ்கள் பல, பாடகியின் தந்தையை 'தமிழ்ப் புலி' என்றே எழுதின. இன்றும் அங்கங்கே அப்படி எழுதப்படுகிறது. ஈரோஸ் வேறு இயக்கம், வேறு சித்தாந்தம், மலையகத் தமிழரையும் சேர்த்துச் சிந்தித்த இடதுசாரி அமைப்பு. அதன் ஒரு பகுதி பாலகுமாரன் தலைமையில் புலிகளோடு இணைந்தது 1990இல்தான். இயக்கங்களுக்கிடையே இருந்த வேறுபாடு தெரியாமல் இந்தத் தொகுப்பின் அரசியலைப் பேசுவதில் பயனில்லை.

தொகுப்பு உருவான வழி இசைக் கல்லூரிகளுக்குச் சம்பந்தமில்லாதது. மாயா சென்ட்ரல் செயின்ட் மார்ட்டின்ஸ் கலைக்கல்லூரியில் திரைப்படமும் வீடியோவும் படித்தவர். எலாஸ்டிகா இசைக்குழுவின் 2000ஆம் ஆண்டுத் தொகுப்புக்கு அட்டை வடிவமைத்து, அவர்களது அமெரிக்கச் சுற்றுப்பயணத்தைப் படம்பிடிக்கப் போனார். அந்தப் பயணத்தில் முன்னிசை வழங்கிய பீச்சஸ் என்ற பாடகிதான் ரோலண்ட் எம்சி-505 கருவியை அவருக்கு அறிமுகப்படுத்தினார். மேசையில் வைக்கக்கூடிய பெட்டி அது. தாளம், அடிநாதம், விசைப்பலகை ஒலிகள் எல்லாம் அதற்குள்ளேயே அடக்கம். தட்டிய தாளத்தைப் பதிந்து திரும்பத் திரும்ப ஓடவிடும். எலாஸ்டிகாவின் ஜஸ்டின் ஃபிரிஷ்மனிடம் அப்பெட்டியை இரவல் வாங்கி, பழைய நாலு தட ஒலிப்பதிவுக் கருவி ஒன்றையும் ஒலிவாங்கி ஒன்றையும் வைத்துக்கொண்டு முதல் பாடல்களைச் செய்தார். அப்படிப் பிறந்த 'கலாங்' பாடலை 2003இல் ஷோபிஸ் என்ற சிறு நிறுவனம் 500 இசைத்தட்டுகளாக அச்சிட்டது. எக்ஸ்எல் அதற்குப் பின்னரே ஒப்பந்தம் செய்தது. பல்ப் இசைக்குழுவின் ஸ்டீவ் மக்கி, ராஸ் ஓர்ட்டன், ரிச்சர்ட் எக்ஸ், டிப்லோ முதலானோர் தயாரிப்பில் பங்கேற்றார்கள்.

தொகுப்பின் இசைப் போக்கைப் புரிந்துகொள்ள 'பக்கி டன் கன்' பாடல் ஒன்றே போதும். அமெரிக்காவின் மயாமி நகரத்து நடன இசையில் தடித்த அடிநாதமே பிரதானம். அது 1980களில் பிரேசிலின் ரியோ டி ஜெனீரோவுக்குப் போய், சேரிகளின் இரவு நடன விழாக்களில் போர்த்துக்கேய மொழி பேசத் தொடங்கியது. 'பைலே ஃபங்க்' என்று வெளியுலகம் அழைப்பது இதைத்தான். அந்த விழாக்களின் பாடகி டெய்சி டிக்ரோனாவின் 'இன்ஜெசாவோ' பாட்டில், 'ராக்கி' குத்துச்சண்டைப் படத்தின் எக்காள இசை வெட்டி ஒட்டப்பட்டிருந்தது. பிலடெல்பியாவைச் சேர்ந்த டிப்லோ அந்த ரியோ தாளத்தைப் பாடலுக்கு அடித்தளமாக்கினார். மாயா அதன்மேல் லண்டன் தெருப் பேச்சில் பாடினார். ஹொலிவூட் எக்காளம் ரியோ சேரி வழியாக யாழ்ப்பாணத்துப் பெண்ணின் பாட்டுக்கு வந்து சேர்ந்த கதை இது. ஐரோப்பாவிலும் அமெரிக்காவிலும் பலர் ரியோ சேரி இசையை முதலில் கேட்டது இந்தப் பாட்டின் மூலம்தான். 'ஓம்ப்ரே' பாட்டுக்குத் தலைப்பு ஸ்பானிய மொழியில். ஒலியில் சித்தார் சாயலும், விளையாட்டுப் பொருட்களைத் தட்டி எடுத்த தாளமும் உண்டு.

ஈழத்து அனுபவம் நேராகத் தெரிவது நீண்ட பாடல்களில் அல்ல. தொடக்கத்தில் வரும் 'பனானா' என்ற துணுக்கு, வகுப்பறையில் வாழைப்பழத்தை எழுத்துக்கூட்டிப் படிப்பிக்கும் பாணியில் அமைந்தது. பத்து வயதுக்கு மேல் லண்டன் பள்ளியில் போய் உட்கார்ந்த அகதிப் பிள்ளையின் ஆங்கிலப் பாடம் அது. சில வினாடிகளில் முடிந்துவிடும் அந்தக் கேலி, போர் பற்றி உரத்துப் பேசும் பாடல்களைவிட ஆழமானது. 'சன்ஷவர்ஸ்' பாடலில் பலஸ்தீன விடுதலை இயக்கத்தைப் பற்றிய குறிப்பு இருந்ததால் எம்டிவி அதை ஒளிபரப்ப மறுத்தது. அதன் வீடியோவை ராஜேஷ் டச்ரிவர் தென்னிந்தியக் காட்டில் படமாக்கினார்.

2004இலேயே வரவேண்டிய இறுவட்டு தாமதமானது. அதற்குள் டிப்லோவும் மாயாவும் பாடல் துண்டுகளை வேறு பாட்டுகளோடு கலந்து ஒரு மிக்ஸ்டேப் வெளியிட்டார்கள். அது இணையத்தில் கைமாறிக் கைமாறிப் பரவியதால், தொகுப்பு வருமுன்பே பெயர் பரவிவிட்டது. விற்பனை மட்டும் அந்தப் புகழுக்கு ஈடாகவில்லை: அமெரிக்க பில்போர்ட் பட்டியலில் 190ஆம் இடம், பிரித்தானியாவில் 98ஆம் இடம். ஆனால் அமெரிக்க விமர்சகர்கள் வாக்களித்த வில்லேஜ் வொய்ஸ் இதழின் 2005ஆம் ஆண்டுப் பட்டியலில் கானியே வெஸ்டுக்கு அடுத்தபடியாக இரண்டாம் இடம் கிடைத்தது. அதே ஆண்டு மெர்க்குரி பரிசின் இறுதிப் பட்டியலிலும் இருந்தது. பரிசு அன்டனி அன்ட் த ஜோன்சன்ஸ் குழுவுக்குப் போனது.

தலைப்பைப் பற்றித் தந்தைக்கு மனத்தாங்கல் இருந்தது. மகளைப் பற்றிச் செய்தித்தாளில் படித்துப் பெருமைப்பட்டாலும், பெயரை மாற்றும்படி மின்னஞ்சல் அனுப்பினார். மகள் மாற்றவில்லை. பிரிந்துபோன தகப்பனைத் தேடிப்பிடிக்க அந்தப் பெயர் உதவும் என்று எதிர்பார்த்ததாக அவரே பேட்டிகளில் சொல்லியிருக்கிறார்.

அட்டையில் நிறைந்திருக்கும் துப்பாக்கி, டாங்கிப் படங்கள் வன்முறையை அலங்காரமாக்குகின்றன என்ற குற்றச்சாட்டு அன்றே எழுந்தது. அதில் ஓரளவு நியாயம் உண்டு: கேட்பவருக்கு எந்தப் போர், யாருடைய போர் என்று இந்தத் தொகுப்பு விளக்குவதில்லை. இசையிலும் யாழ்ப்பாணத்துக்கோ தமிழ் மரபுக்கோ உரிய மெட்டு என்று சுட்ட ஏதுமில்லை. இடம் பெயரில் இருக்கிறது, தாளத்தில் இல்லை. 2006இல் அமெரிக்க விசா கிடைக்காமல்போக, அடுத்த தொகுப்பை மாயா பல நாடுகளில் பதிவுசெய்தார். அவற்றில் சென்னையும் ஒன்று. தாயின் பெயரில் 2007இல் வந்த அந்தக் 'கலா'வில் உறுமி மேளம் ஒலிக்கிறது, இளையராஜாவின் 'தளபதி' படப் பாட்டொன்றும் எடுத்தாளப்பட்டிருக்கிறது. எம்.ஐ.ஏ.யிடம் தமிழ் ஒலியைத் தேடுகிறவர்கள் அருளரை விட்டுவிட்டு அதிலிருந்து தொடங்கலாம்.