இரண்டு ஹக்ஸ்லிகளும் ஒரு ஹேன்சனும்

1953இல் ஜீன் ஹேன்சன் அமெரிக்காவின் எம்.ஐ.டி.க்குப் போனது எலக்ட்ரான் நுண்ணோக்கியைக் கையாளக் கற்றுக்கொள்ளத்தான். அதே நோக்கத்தோடு முன்பே அங்கு வந்திருந்தவர் ஹியூ ஹக்ஸ்லி. அவர் கேம்பிரிட்ஜில் எக்ஸ் கதிர் கொண்டு தசையை ஆராய்ந்த இயற்பியலாளர். ஹேன்சனோ வளைதசைப் புழுக்களின் இரத்த ஓட்ட மண்டலத்தை ஆராய்ந்து முனைவரானவர். லண்டன் கிங்ஸ் கல்லூரியில் ஜான் ராண்டலின் உயிர் இயற்பியல் பிரிவைச் சேர்ந்தவர்.

முயலின் இடுப்புத் தசையைக் கிளிசரினில் ஊறவைத்து பிளெண்டரில் அடித்தால், ஒரு மைக்ரான் தடிப்பில் தசை நுண்ணிழைகள் பிரிந்து வரும். சாயமே ஏற்றாமல் கட்ட வேறுபாட்டு நுண்ணோக்கியில் அவற்றின் பட்டைகளைப் பார்க்கலாம். இந்தக் கைப்பழக்கம் ஹேன்சன் கொண்டுவந்தது. இருவரும் அவற்றின் மேல் செறிந்த உப்புக் கரைசலை விட்டதும் மயோசின் என்ற புரதம் கரைந்தது, கறுத்திருந்த ‘ஏ’ பட்டை வெளிறியது. மயோசின் இருந்த இடம் தெரிந்துவிட்டது. தசைக்கு ஆற்றல் தரும் ஏடிபியை விட்டபோது வெளிறிய ‘ஐ’ பட்டை குறுகிக்கொண்டே போக, ‘ஏ’ பட்டை நீளம் மாறாமல் நின்றது. புரதம் மடங்கிச் சுருள்வதால்தான் தசை சுருங்குகிறது என்று அதுவரை பலரும் நம்பியிருந்தார்கள். இங்கே மடிப்பும் இல்லை, சுருளும் இல்லை. ஆக்டின் என்ற இன்னொரு புரதத்தின் இழைகள் மயோசின் இழைகளுக்கிடையே சறுக்கிப் போகின்றன.

1954 மே 22ஆம் தேதி ‘நேச்சர்’ இதழில் ஹியூ ஹக்ஸ்லியும் ஹேன்சனும் இதை வெளியிட்டார்கள். அதே இதழில் ஆண்ட்ரூ ஹக்ஸ்லியும் ரோல்ஃப் நீடெர்கெர்கெயும் தனியாக ஆராய்ந்து இதே முடிவை எழுதியிருந்தார்கள். இரு ஹக்ஸ்லிகளும் உறவினர் அல்லர். ஆனால் இந்த இழைச் சறுக்கல் கோட்பாடு என்றால் ஹக்ஸ்லி என்றாகிவிட, ஹேன்சன் பெயர் பின்னுக்குப் போனது. எனக்கு இது நியாயமாகப் படவில்லை. பட்டைகளைப் பார்த்த கண் பாதியாவது அவருடையது.

ஹேன்சன் 1966இல் பேராசிரியர், 1967இல் ராயல் சொசைட்டி உறுப்பினர், 1970இல் தசை உயிர் இயற்பியல் பிரிவின் இயக்குநர். 1973 ஆகஸ்டில் மூளைத் தொற்றால் காலமானபோது அவருக்கு வயது 53.

1954ஐ மட்டும் சொல்லி நிறுத்துவதும் சரியல்ல. வரித்தசையில் கண்டதை எல்லாத் தசைக்கும் பொதுவென்று அவர் எடுத்துக்கொண்டுவிடவில்லை. முதுகெலும்பற்ற உயிரினங்களின் தசைகளையும் எடுத்துப் பார்த்தார். 1963இல் ஜாக் லோவியோடு சேர்ந்து, ஆக்டின் இழை இரட்டைப் புரி என்று காட்டினார். அந்தப் புரிகளுக்கிடையிலான பள்ளத்தில் ட்ரோபோமயோசின் என்ற புரதம் படிந்திருக்கலாம் என்பதும் அவர்கள் ஊகம். கால்சியம் தசைக்குச் சுருங்க அனுமதி கொடுப்பதும் மறுப்பதும் அந்த ட்ரோபோமயோசினை நகர்த்தித்தான் என்பது பின்னால் வந்த ஆய்வுகளில் தெரிந்தது.