துப்பாக்கி இருந்த வீடும் துப்பாக்கி இல்லாத கடையும்

கோலாலம்பூரிலும் கிள்ளானிலும் கடை நடத்தும் எங்களைப் போன்ற இளைய வணிகர்கள் நாலு பேர் கூடினால், எங்காவது நடந்த கொள்ளையைப் பற்றிய பேச்சு வந்துவிடும். உடனே ஒருவர், "லைசென்ஸ் எடுத்து ஒரு துப்பாக்கி வாங்கி வைத்தால் என்ன?" என்பார். நம் முன்னோர் இங்கே கடை விரித்த காலத்தில் துப்பாக்கி யார் கையில் இருந்தது, அது என்ன செய்தது என்பதை இந்தப் பொன்விழா மலரில் நினைவுகூர விரும்புகிறோம்.

முதலில் கிள்ளான். 1867 முதல் 1874 வரை ராஜா மஹ்டி ஒருபுறமும் ராஜா அப்துல்லாவின் தரப்பார் மறுபுறமுமாக நடந்த சிலாங்கூர் உள்நாட்டுப் போரில், ஈய வருவாய்க்காகவும் வரி வசூல் உரிமைக்காகவும் ஆட்கள் ஆயுதம் ஏந்தினார்கள். சீனத் தலைவர் யாப் ஆ லோயும் அதில் இறங்கினார். 1872இல் கோலாலம்பூரே எரிந்து சாம்பலானது. யாரிடமும் துப்பாக்கி இருக்கலாம் என்ற நிலையில், எந்த வியாபாரியின் சரக்குக்கும் பாதுகாப்பு இல்லாமல் போனது.

1874க்குப் பின் ஆங்கிலேயர் நிர்வாகம் வந்தது. துப்பாக்கிக்கு அனுமதிச் சீட்டு என்ற முறையும் வந்தது. கம்பத்தில் பயிரைக் காட்டுப்பன்றியிடமிருந்து காக்க வேட்டைத் துப்பாக்கி இருந்தது. தோட்டத் துரைமார்களும் சுரங்க மேலாளர்களும் கைத்துப்பாக்கி வைத்திருந்தார்கள். 1902இல் அமைந்த மலாய் மாநிலங்களின் தொண்டர் துப்பாக்கிப் படையிலும் பெரும்பாலும் ஐரோப்பியர்களே சேர்ந்தார்கள். ஆபத்து எல்லோருக்கும் இருந்தது. ஆயுதமோ அந்தஸ்தைப் பார்த்தே வந்தது.

அந்த அந்தஸ்துள்ள வீடு ஒன்றில் நடந்ததை நாம் எல்லோரும் அறிந்திருக்க வேண்டும். தம்புசாமிப் பிள்ளை போன்ற பெரியவர்களின் பொருளுதவியோடு 1893இல் தொடங்கிய விக்டோரியா இன்ஸ்டிடியூஷனில், 1911இல் தற்காலிகத் தலைமையாசிரியராக இருந்தவர் வில்லியம் பிரௌட்லாக். ஏப்ரல் 23, ஞாயிற்றுக்கிழமை இரவு அவர் விருந்துக்குப் போயிருந்தார். வீட்டில் அவருடைய மனைவி எத்தல். ஈயச் சுரங்க மேலாளராக இருந்த வில்லியம் ஸ்டீவர்ட் அங்கே வந்தார். சற்று நேரத்தில் வெப்லி ரிவால்வரின் ஆறு தோட்டாக்களும் தீர்ந்தன, ஸ்டீவர்ட் இறந்துகிடந்தார். அந்த ரிவால்வர் கணவருக்குப் பிறந்தநாள் பரிசாக வந்தது.

அவர் தன்னிடம் முறைகேடாக நடக்க வந்தார் என்றும், விளக்கின் சுவிட்சைத் தேடிய கையில் துப்பாக்கி தட்டுப்பட்டது என்றும் எத்தல் சொன்னார். ஸ்டீவர்ட்டை அழைத்து வந்த ரிக்‌ஷாக்காரரோ, அவர் வெளியே தள்ளாடி வந்த பிறகும் வெடிச்சத்தம் கேட்டதாகச் சாட்சி சொன்னார். ஜூரி இல்லாமல், நீதிபதியும் இரண்டு மதிப்பீட்டாளர்களும் விசாரித்தார்கள். தூக்குத் தண்டனை விதிக்கப்பட்டது. ஜூலை மாதம் சிலாங்கூர் சுல்தான் அலாவுதீன் சுலைமான் ஷா மன்னிப்பு வழங்கினார். பின்னர் சாமர்செட் மாம் எழுதிய 'தி லெட்டர்' என்ற கதைக்கு இந்த வழக்கே கரு.

உண்மை என்னவென்று இன்றும் வாதிடுகிறார்கள். எங்களுக்குப் பட்டது ஒன்றுதான். பாதுகாப்புக்கென்று மேசைமேல் வைத்த பொருள், திருடனை அல்ல, அந்த வீட்டுக்குத் தெரிந்த மனிதரையே கொன்றது. கை எட்டும் தூரத்தில் இருந்ததால் யோசிக்க நேரமே கிடைக்கவில்லை.

அதே ஊரின் கடைத்தெருவில் காவல் வேறு விதமாக இருந்தது. கடை வாசலில் கயிற்றுக் கட்டில் போட்டுப் படுக்கும் பஞ்சாபி ஜாகா, உள்ளே இரும்புப் பெட்டகம், மேல்மாடியில் சேர்ந்து தங்கிய ஊர்க்காரர்கள், சத்தம் கேட்டால் எழுந்துவரும் பக்கத்துக் கடைக்காரர். இவைதாம் சின்ன வியாபாரிகளின் கவசம்.

துப்பாக்கி யார் பக்கம் என்பதை 1941இல் கிள்ளான் தோட்டத் தொழிலாளர்களும் பார்த்தார்கள். சம ஊதியமும் கள்ளுக்கடை ஒழிப்பும் கேட்டு வேலைநிறுத்தம் செய்தவர்கள்மீது ராணுவம் சுட்டது, உயிர்கள் போயின. 1948 ஜூன் மாதம் அவசரகாலம் அறிவிக்கப்பட்டது. அதன்பின் அனுமதியில்லாத துப்பாக்கி வைத்திருப்பதே மரண தண்டனைக்குரிய குற்றமானது. இன்றுள்ள 1960ஆம் ஆண்டு ஆயுதச் சட்டமும் 1971ஆம் ஆண்டுச் சட்டமும் கடுமையாக இருப்பதற்கு இந்த வரலாறும் ஒரு காரணம்.

ஆகவே, துப்பாக்கி வாங்கலாமா என்று கேட்கும் சகோதரர்களுக்கு எங்கள் பதில் இதுதான். சட்டப்படி விண்ணப்பிக்க வழியிருக்கிறது, மறுக்கவில்லை. ஆனால் அது கல்லாப்பெட்டிக்குப் பக்கத்தில் இருக்கும்போது, கடைப் பையனும் பள்ளி விட்டு வரும் நம் பிள்ளைகளும் அதே இடத்தில்தான் இருப்பார்கள். அதற்கு முன், பக்கத்துக் கடைக்காரரின் தொலைபேசி எண் நம்மிடம் இருக்கிறதா என்று பார்ப்போம். இரவில் கடை அடைக்கும்போது இருவராக அடைப்போம். பணத்தை அன்றன்றே வங்கியில் சேர்ப்போம். முன்னோர் சேர்ந்திருந்து காத்த கடைகளை, இன்ஷா அல்லாஹ், நாமும் சேர்ந்திருந்தே காப்போம்.