பால நடிகரும் மகரக்கட்டும்: செஞ்சி வட்டாரத்தை முன்வைத்து ஓர் ஆய்வு

செஞ்சிக் கோட்டையின் பெயர் தமிழ்நாட்டுக் கொட்டகைகளிலெல்லாம் முழங்கிய ஆண்டு 1960. 1714இல் ஆற்காட்டு நவாபின் சேனையை எதிர்த்து மாண்ட தேசிங்கின் சரித்திரத்தைக் கூறும் ‘ராஜா தேசிங்கு’ அவ்வாண்டு செப்டம்பர் 2ஆம் தேதி வெளிவந்தது. அதற்கு மூன்று வாரங்கள் முன்னர், ஆகஸ்டு 12ஆம் தேதி, ஏ.வி.எம். தயாரிப்பான ‘களத்தூர் கண்ணம்மா’ வெளியாகி, ஆறு வயதும் நிரம்பாத கமல்ஹாசனைப் பிரசித்தப்படுத்திற்று. தேசிங்காக வேஷமிட்ட எம்.ஜி.ஆரும் பால்யத்திலேயே அரங்கேறியவர்தாம். ஆயினும் அவர் பழகிய மதுரை ஒரிஜினல் பாய்ஸ் கம்பெனிக்கும் கமல்ஹாசன் புகுந்த ஸ்டுடியோவுக்கும் இடையே பால நடிகரின் ஜீவன முறையே மாறிவிட்டிருந்தது.

செஞ்சியை அடுத்த மேலச்சேரி, திரௌபதி அம்மன் வழிபாட்டின் மூலஸ்தானமாகப் போற்றப்படும் ஊர். இவ்வட்டாரத்துப் பாரதக் கூத்தில் சிறுவர்கள் பெரியவர்களின் பின்னால் நின்று பின்பாட்டுப் பாடியே வித்தையைக் கற்றனர். அவர்களுக்குத் தனிச் சபை ஏதும் இருக்கவில்லை. பாலர்களை மாத்திரமே கொண்டு நாடகம் நடத்தும் ஏற்பாட்டுக்குச் சிறந்த உதாரணம், 1918இல் மதுரையில் தோன்றி, சங்கரதாஸ் சுவாமிகள் ஆசிரியராக விளங்கிய தத்துவ மீனலோசனி வித்துவ பால சபை. ஆறு வயதில் அதிற் சேர்ந்த டி.கே. சண்முகத்துக்காகவே சுவாமிகள் ‘அபிமன்யு சுந்தரி’யை ஓரிரவில் எழுதி முடித்தார் என்பது நாடக உலகம் நன்கறிந்த செய்தி.

பாலர் சபைகளில் அடியும் கண்டிப்பும் மிகுதி. பள்ளிப் படிப்போ பெரும்பாலும் பாழ். அவற்றை நான் புகழ முன்வரவில்லை. எனினும் பருவம் வந்து மகரக்கட்டு உடைந்து, ஸ்திரீபார்ட் பாடிய சாரீரம் கரகரத்துப் போன பையன், கம்பெனியை விட்டு வெளியேறித்தான் தீர வேண்டும் என்ற நிர்ப்பந்தமில்லை. வேறு வேஷத்துக்கு மாறினான், பாடம் சொல்லிக் கொடுத்தான், திரை இழுத்தான். 1928இல் விழுப்புரத்தில் பிறந்து, யதார்த்தம் பொன்னுசாமிப் பிள்ளையின் கம்பெனியில் பெண் வேடங்களும் புனைந்து வளர்ந்த வி.சி. கணேசன், அண்ணாவின் ‘சிவாஜி கண்ட இந்து சாம்ராஜ்யம்’ நாடகத்தில் சத்ரபதியாக நடித்ததும் பெரியார் அவரைச் சிவாஜி என்றழைத்ததும் அந்தச் சிக்ஷையின் பலனே. 1677இல் செஞ்சியைக் கைப்பற்றிய மராட்டிய மன்னரின் பெயர் இவ்வாறு பக்கத்து ஊர்ப் பிள்ளைக்கு வாய்த்தது ஒரு விசித்திரப் பொருத்தம்.

சினிமாவுக்கு வேண்டியிருந்தது குழந்தையின் முகமும் மழலையும். பாட்டை இரவல் பெறலாம். ‘களத்தூர் கண்ணம்மா’வில் சிறுவனுக்காகப் பாடியவர் எம்.எஸ். ராஜேஸ்வரி. கம்பெனியில் பையன்கள் சீதையாயினர் என்றால், ‘யார் பையன்’ (1957) படத்தில் டெய்சி இரானி என்ற சிறுமி பையனானாள்! ஆனால் முகம் முற்றியவுடன் ஸ்டுடியோவில் வேலை தீர்ந்தது. சிவாஜியுடன் ‘பார்த்தால் பசி தீரும்’ (1962), எம்.ஜி.ஆருடன் ‘ஆனந்த ஜோதி’ (1963) எனச் சில படங்களோடு கமல்ஹாசனின் முதற் பருவமும் முடிந்தது. அதன்பின் அவர் சென்று சேர்ந்த இடம்தான் கவனிக்கத்தக்கது: பால சபையில் உருவான அதே சண்முகத்தின் டி.கே.எஸ். நாடக சபை. பிறகு நடன ஆசிரியர் தங்கப்பனிடம் உதவியாளராய் உழைத்து, 1973இல் ‘அரங்கேற்ற’த்தில் வாலிபராகத் திரும்பினார். சினிமா அளிக்காத பயிற்சியை, சினிமா ஒடுக்கிவிட்ட மேடையே அளித்தது என்பது என் அபிப்பிராயம்.

‘குழந்தையும் தெய்வமும்’ (1965) படத்தில் இரட்டைச் சிறுமியராக நடித்த குட்டி பத்மினி கண்ட வழி வேறு. சென்னைத் தொலைக்காட்சி நிலையம் 1975 ஆகஸ்டு 15இல்தான் தொடங்கிற்று. பின்னாளில் தனியார் தொலைக்காட்சி வந்தபோது அவர் ‘கிருஷ்ணதாசி’ போன்ற தொடர்களின் தயாரிப்பாளராகி, பிறரை நடிக்க வைக்கும் ஸ்தானத்தை எய்தினார்.

குழந்தையின் சம்பாத்தியம் யாருக்கு என்ற வினாவுக்கு விடையாக, பால நடிகராயிருந்த ஜாக்கி கூகன் தம் சம்பாத்தியத்துக்காகத் தொடுத்த வழக்கையொட்டி, அமெரிக்காவின் கலிபோர்னியா மாநிலம் 1939இலேயே சட்டம் செய்தது. நம் நாட்டிலோ 2017இன் விதிகளே நாளொன்றுக்கு ஐந்து மணி நேர வேலை வரம்பையும், மாவட்ட நிர்வாகத்தின் அனுமதியையும், வருவாயில் குறைந்தது 20 சதவிகிதத்தைக் குழந்தையின் பெயரில் வங்கியில் வைப்பு வைக்கும் கடமையையும் தயாரிப்பாளர்மீது சுமத்தின.