விட்ட இடத்திலிருந்து

2023-ஆம் வருஷம் டிசம்பர் மாதத்தில் வந்துபோன மிக்ஜாம் புயலை வாசகர்கள் மறந்திருக்க மாட்டார்கள். சென்னையையும் திருவள்ளூர் ஜில்லாவையும் இரண்டு நாள் அடித்துத் துவைத்துவிட்டு, ஒன்றும் அறியாததுபோல் ஆந்திராவில் பாபட்லா பக்கம் போய்க் கரை ஏறிய புயல் அது. அம்பத்தூர் தொழிற்பேட்டையில் யந்திரங்கள் தண்ணீரில் நின்றன. எண்ணூரில் எண்ணெய் பரவி மீனவர்களின் படகும் வலையும் கறுத்துப் போயின. இத்தனை பெரிய நஷ்டங்களுக்கு நடுவே என் வீட்டுக் கூடத்திலும் ஒரு சின்ன நஷ்டம் நேர்ந்தது. அதை எந்தத் தாசில்தாரும் வந்து கணக்கெடுக்கவில்லை. கணக்கெடுத்திருந்தால் புயலின்மேல் பழி போட்டுத் தப்பியிருக்க முடியாது. அந்த நஷ்டத்தை உண்டு பண்ணியவன் நான்.

என் தமக்கையின் மகன் கும்மிடிப்பூண்டி சிப்காட்டில் ஒரு தொழிற்சாலையில் ஷிப்ட் வேலை பார்க்கிறான். நாங்கள் இருப்பது திருவள்ளூரில். தேசப்படத்தில் பார்த்தால் இரண்டும் ஒரே ஜில்லா. கூப்பிடு தூரம் என்றுகூடத் தோன்றும். ரயிலில் போகிறவனுக்கல்லவா தெரியும்! கிழக்கே சென்னைக்குப் போய், வண்டி மாறி, வடக்கே திரும்ப வேண்டும். ஒவ்வொரு தடமும் 40 கிலோமீட்டருக்கு மேல். ஆகவே பையன் அங்கேயே ஒரு அறை எடுத்துத் தங்கிவிட்டு, லீவு கிடைத்தால் வீட்டுக்கு வருவான்.

அவனுக்கு ஒரு பொழுதுபோக்கு உண்டு. கம்ப்யூட்டரில் விவசாயம் செய்வது. உழுவது, விதைப்பது, தண்ணீர் விடுவது, அறுவடை செய்து விற்பது எல்லாம் அந்த விளையாட்டிலே உண்டு. வீட்டில் பழைய பெரிய கம்ப்யூட்டர். அறையில் ஒரு லாப்டாப். இங்கே விதைத்ததை அங்கே போய் அறுக்கிறான். அங்கே கட்டிய மாட்டுக் கொட்டில் இங்கே வந்து நிற்கிறது. எனக்கு இது விளங்கவில்லை.

"இங்கே இருக்கிற வயல் கும்மிடிப்பூண்டிக்கு எப்படியடா போகிறது?" என்று கேட்டேன்.

"அது மேகத்திலே இருக்குது, மாமா" என்றான்.

நான் ஜன்னல் வழியாக ஒரு தடவை வானத்தைப் பார்த்தேன் என்பதை ஒப்புக்கொள்கிறேன்.

பிறகு இதைப் பற்றி விசாரிக்க ஆரம்பித்தேன். நாவல் எழுதுகிறவனுக்கு வேறு என்ன வேலை? விட்ட இடத்திலிருந்து மறுபடி தொடங்குவது என்கிற இந்த விஷயத்துக்கு ஏறக்குறைய 50 வருஷத்துச் சரித்திரம் இருக்கிறது.

அமெரிக்காவில் வில் கிரௌதர் என்று ஒருவர். கம்ப்யூட்டருக்குக் கட்டளை எழுதுவது உத்தியோகம். பூமிக்கடியில் குகைகளுக்குள் புகுந்து அளப்பது பொழுதுபோக்கு. மனைவியோடு விவாகரத்து ஆகிவிட்டது. தம்மிடம் வந்து போகும் இரண்டு பெண் குழந்தைகளுக்காக, 1975-76 வாக்கில், தாம் சுற்றிய கென்டக்கி மாகாணத்துக் குகையையே ஒரு விளையாட்டாக எழுதினார். படம் கிடையாது; எல்லாம் எழுத்துத்தான். 1977-இல் டான் உட்ஸ் என்ற ஸ்டான்போர்டு மாணாக்கர் அதைப் பெருக்கி எழுதினார். அந்தப் பிரதியில் ஆட்டத்தை நடுவில் நிறுத்தி வைக்க வழி இருந்தது. ஆனால் நிறுத்தியவன் உடனே திரும்பி வந்து தொடர முடியாது. சற்று நேரம் காத்திருக்க வேண்டும். அது மட்டுமா? ஆபீஸ் நேரத்தில் குகை மூடியிருப்பதாக யந்திரம் அறிவித்துவிடும். கம்ப்யூட்டர் என்பது ஒரு காரியாலயம் முழுவதற்கும் பொதுவான சொத்தாக இருந்த காலம். குகைக்குள் புதையல் தேடுகிறவர்கள் சம்பளம் போடுகிற கணக்கை நிறுத்திவிடக் கூடாதல்லவா? நம் அலுவலகங்களில் இந்த ஏற்பாடு இன்றைக்கும் இருந்தால் தேவலை என்று எனக்குத் தோன்றுவதுண்டு.

ஜப்பானியர்கள் வேறு வழி கண்டார்கள். 1986 மே மாதம் அங்கே 'டிராகன் குவெஸ்ட்' என்ற விளையாட்டு வெளிவந்தது. ஆட்டம் எதுவரை வந்திருக்கிறது என்பதை நினைவில் வைக்க அந்தப் பெட்டியில் இடம் இல்லை. ஆகவே நிறுத்தும்போது யந்திரம் 20 எழுத்துள்ள ஒரு மந்திரத்தைச் சொல்லும். குழந்தை அதை நோட்டுப் புத்தகத்தில் எழுதி வைத்துக்கொண்டு மறுநாள் பிசகாமல் திருப்பிச் சொல்ல வேண்டும். 'உயிர்ப்பிக்கும் மந்திரம்' என்றே அதற்குப் பெயர். அடுத்த வருஷம் வந்த இரண்டாம் பாகத்தில் மந்திரம் 52 எழுத்து வரை நீண்டது. ஓர் எழுத்து பிசகினால் போச்சு! அத்தனை நாள் உழைப்பும் பாழ். நம் ஊர் மந்திரவாதிகள்கூட இத்தனை கண்டிப்பானவர்கள் அல்ல.

அந்த 1986-இலேயே ஜப்பானில் வந்த 'செல்டா' விளையாட்டு, மறு வருஷம் அமெரிக்காவுக்குப் போனபோது ஒரு சிறு பாட்டரியையும் வயிற்றில் சுமந்துகொண்டு போயிற்று. பெட்டியை அணைத்தாலும் பாட்டரி அந்த நினைவை அணையாமல் காத்தது. பாட்டரி தீர்ந்துபோன அன்று நினைவும் தீர்ந்தது. பிறகு வந்தது 'பிளேஸ்டேஷன்' பெட்டியின் நினைவுச் சீட்டு. உள்ளங்கைக்குள் அடங்கும் அந்தச் சீட்டைச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டு சிநேகிதன் வீட்டுக்குப் போய், விட்ட இடத்திலிருந்து ஆடலாம்.

எனக்கு இந்த வைபவங்கள் ஒன்றும் கிட்டவில்லை. நான் கல்லூரிப் பருவத்தில் கண்டதெல்லாம் எங்கள் ஊர் பிரவுசிங் சென்டர்தான். மணிக்குக் காசு. நாலாம் நம்பர் யந்திரத்தில்தான் என் ஆட்டம் இருக்கும். நான் போகிற நேரத்தில் அதில் எவராவது ஜாதகம் பார்த்துக்கொண்டிருப்பார். அவர் எழுந்திருக்கும்வரை காத்திருந்து உட்கார்ந்தால், முந்தின நாள் நான் பாடுபட்டுச் சேர்த்து வைத்ததன்மேல் வேறு ஒரு பையன் தன் ஆட்டத்தை எழுதிவிட்டுப் போயிருப்பான். முகம் தெரியாத அந்தப் பையனை நான் நெடுநாள் மனத்துக்குள் வைதிருக்கிறேன்.

சேமிப்பைப் பெட்டியிலிருந்தே பிரித்து எங்கேயோ ஒரு பொது இடத்தில் வைத்துவிட்டால் இந்தத் தொல்லை இராது. அமெரிக்காவில் வால்வ் கம்பெனியார் 2003 செப்டம்பரில் 'ஸ்டீம்' என்ற விளையாட்டுக் கடையைத் தொடங்கினார்கள். 2008 நவம்பரில், 'லெஃப்ட் ஃபோர் டெட்' என்ற விளையாட்டோடு, அந்தக் கடை மேகத்தில் சேமிக்கும் வசதியைக் கொடுத்தது. 2011-இல் சோனியும் மைக்ரோசாப்டும் தங்கள் பெட்டிகளுக்கு அதைக் கொடுத்தன. முறை வெகு சுலபம். ஆட்டத்தை மூடியதும் மாறிய கோப்பு மேலே போகும். வேறு கம்ப்யூட்டரில் திறந்தால், மேலே இருப்பது புதியதா என்று பார்த்து, புதியதாயின் கீழே இறங்கும். ஆடுகிறவன் எதையும் தொட வேண்டியதில்லை. எல்லா விளையாட்டுக்கும் இந்த வசதி உண்டு என்று நம்பிவிடக் கூடாது. செய்தவர்கள் ஏற்பாடு செய்திருந்தால்தான் உண்டு.

மேகம் என்கிறார்களே ஒழிய, அது இருப்பதென்னவோ தரையில்தான். ஜன்னல் இல்லாத பெரிய கட்டிடங்கள், உள்ளே அடுக்கடுக்காகக் கம்ப்யூட்டர்கள், அவற்றைக் குளிரவைக்க ராட்சஸக் குளிர்சாதனங்கள். 2018 வரை எங்கள் ஜில்லாவில் இருந்து, பிறகு சென்னைக்குப் போய்விட்ட அம்பத்தூரிலேயே அப்படிப்பட்ட கட்டிடங்கள் நிற்கின்றன. நாட்டில் மேகக் கட்டிடங்களை மைக்ரோசாப்ட் முதன்முதல் 2015-இல் திறந்தபோது மூன்று ஊர்களில் ஒன்று சென்னை. சென்னையிலிருந்து கடலுக்கடியிலே சிங்கப்பூருக்கு 2002-இலேயே கம்பி போட்டாகிவிட்டது. ஒருவனுடைய வயல் இவற்றில் எந்தக் கட்டிடத்தில், எந்தத் தேசத்தில் இருக்கிறது என்பதை மட்டும் அவனுக்கு யாரும் சொல்வதில்லை.

இந்தச் சரித்திரத்தில் நம் பக்கத்து மனிதர் ஒருவர் வருகிறார். மகாதேவ் சத்யநாராயணன் சென்னை ஐ.ஐ.டி.யில் படித்தவர், 1975-இல் ஒரு பட்டம், 1977-இல் இன்னொன்று. பிறகு அமெரிக்காவில் கார்னகி மெல்லன் சர்வகலாசாலைக்குப் போனார். அங்கே ஒரு சர்வகலாசாலை முழுவதற்கும், எந்தக் கம்ப்யூட்டர் முன்னால் உட்கார்ந்தாலும் அவரவர் கோப்பு அவரவருக்குக் கிடைக்கும்படி 'ஆண்ட்ரூ' என்ற ஏற்பாட்டைச் செய்தவர்களில் அவர் ஒருவர். அதற்காக 2016-ஆம் வருஷத்து ஏ.சி.எம். சங்கத்தின் விருது அந்தக் குழுவுக்குக் கிடைத்தது. ஆனால் எனக்கு ஸ்வாரஸ்யமாகப் பட்டது அதற்கடுத்து அவர் செய்த 'கோடா'.

தொடர்பு அறுந்துபோனால் என்ன செய்வது? இதுதான் அவர் எடுத்துக்கொண்ட கேள்வி. வேலையை நிறுத்திவிட்டு உட்கார்ந்திருப்பதா? வேண்டாம்; கையிலிருக்கும் பிரதியில் வேலையை நடத்து, தொடர்பு வந்ததும் சேர்த்துக்கொள்ளலாம் என்றார். இரண்டு பேர் இரண்டு இடத்தில் ஒரே கோப்பை மாற்றிவிட்டால்? அவரும் ஜேம்ஸ் கிஸ்லர் என்பவரும் எழுதி 1990-களின் ஆரம்பத்தில் வெளிவந்த கட்டுரையில் அதற்கு ஒரு கணக்கு இருக்கிறது. ஆண்ட்ரூவில் பார்த்தபோது, நடந்த திருத்தங்களில் 99 சதவிகிதத்துக்கு மேல், அந்தக் கோப்பில் கடைசியாக எழுதியவரே மறுபடி எழுதியவை. ஆகவே தகராறு அபூர்வம். வரும்போது பார்த்துக்கொள்ளலாம் என்று துணிந்தார்கள்.

அந்த மிச்சம் ஒரு சதவிகிதத்துக்குள்தான் நான் வந்து மாட்டிக்கொண்டேன்.

புயலுக்குப் பிறகு கும்மிடிப்பூண்டி அறையில் மின்சாரம் நாலு நாளில் வந்துவிட்டது, இன்டர்நெட் வரவில்லை. தொழிற்சாலையும் மூடியிருந்தது. பையனோடு அறையில் ஒடிஷாக்கார வாலிபன் ஒருவன். விவசாயக் குடும்பம், கம்ப்யூட்டர் விளையாட்டைக் கையாலும் தொட்டதில்லையாம். "இப்படியா நடவு போடுவது?" என்று அவன் லாப்டாப்பைப் பிடுங்கிக்கொண்டிருக்கிறான். அப்புறம் பத்து நாளும் அவன்தான் ஆடியிருக்கிறான். தன் ஊரையே அதில் உண்டாக்கிவிட்டான். குளம், குளத்துத் தென்கரையில் மரங்கள், வளைந்துபோகும் பாதை, பாட்டி வீட்டுக் காய்கறிப் பாத்தி எல்லாம். அதற்குள் ஊரிலிருந்து தகப்பனாருக்கு உடம்பு சரியில்லை என்று செய்தி வர, கணக்கு முடித்துக்கொண்டு ரயில் ஏறிவிட்டான்.

இது நடந்த அதே நாட்களில் இங்கே நான் என்ன செய்தேன்? பையன் வர நாளாகிறதே, பயிர் வாடுமே என்று பரிதாபப்பட்டு, வீட்டுக் கம்ப்யூட்டரைத் திறந்து அவன் வயலுக்குத் தண்ணீர் விட்டேன். யாரும் ஆடாத வேளையில் அந்த உலகத்தில் சூரியனே நகருவதில்லை, பயிர் வாடவே வாடாது என்பது எனக்குத் தெரியாது. மூன்று இரவு விழித்து, கிழங்கு விற்றுச் சொற்பக் காசும் சேர்த்தேன். எங்கள் வீட்டில் இன்டர்நெட் இருந்தது. என் தண்ணீர் ஒழுங்காக மேகத்துக்குப் போயிற்று.

பையன் வந்தான். "மாமா, அவன் ஊரைப் பாருங்க" என்று லாப்டாப்பைத் திறந்து என் முன்னே வைத்தான். அதற்குள் உள்ளே காபிக்குக் கூப்பிட்டார்கள், எழுந்து போனான். திரையில் ஒரு கேள்வி. இந்த யந்திரத்திலுள்ள பிரதியா, மேகத்திலுள்ள பிரதியா? பக்கத்தில் இரண்டு தேதிகள். மேகத்துத் தேதி பிந்தியது. பிந்தியதுதானே சரி என்று அதை அமுக்கிவிட்டேன். ஆட்டம் திறந்தது. என் கிழங்குப் பாத்தி நின்றது.

பையன் காபி டம்ளரோடு வந்து பார்த்தான். டம்ளரைக் கீழே வைத்தான். நெடுநேரம் ஒன்றும் பேசவில்லை. பிறகு, "பரவாயில்லை, மாமா. உங்களுக்கு எப்படித் தெரியும்?" என்றான். திட்டியிருந்தால் எவ்வளவோ நன்றாயிருந்திருக்கும்.

அன்று இரவு எனக்கு உ. வே. சாமிநாதையர் ஞாபகம் வந்தது. 1887-இல் சீவக சிந்தாமணியைப் பதிப்பித்த அந்தப் பெரியவருக்கு இந்தத் தகராறு புதிதல்ல. ஒரே நூலின் ஏடு ஊருக்கு ஒன்றாக இருக்கும். ஒன்றில் இருப்பது மற்றொன்றில் இராது. எது பிந்திய ஏடு என்று தேதி பார்த்து மற்றதைக் கொளுத்தியவர் அல்ல அவர். ஒப்பிட்டுப் பார்த்து, பொருந்தியதை மேலே வைத்து, மற்றதையும் பிரதிபேதம் என்று கீழே குறித்து வைத்தார். இத்தனை கெட்டிக்கார யந்திரத்துக்கு அந்த அடிக்குறிப்புப் புத்தி ஏன் வரவில்லை? ஒன்றை வைத்துக்கொள், மற்றதை அழி என்கிறது. அதையும் காபி வேளையில் கேட்கிறது! இப்போது பையன் அறையை விட்டுக் கிளம்பும்முன் அந்தக் கோப்பு இருக்கும் இடத்தை அப்படியே ஒரு பென் டிரைவில் நகல் எடுத்துச் சட்டைப் பையில் போட்டுக்கொள்கிறான். மேகத்தை நம்புகிறான், மாமாவை நம்புவதில்லை.

பொங்கலுக்கு முன்னால் ஒடிஷாவுக்கு டெலிபோன் செய்து நடந்ததைச் சொன்னான். நானும் பக்கத்தில் நின்றேன். அந்தப் பிள்ளை முதலில் சிரித்தானாம். தகப்பனார் தேறி எழுந்து உட்கார்ந்துவிட்டாராம். இரண்டு நாள் கழித்து, கோடு போட்ட நோட்டுத் தாளில் பென்சிலால் தன் ஊரை வரைந்து போட்டோ எடுத்து அனுப்பினான். ஓரத்தில் உருண்டை உருண்டையாக ஒடியா எழுத்து. அதைப் பார்த்துப் பார்த்துப் பையன் மறுபடியும் குளம் வெட்டிக்கொண்டிருக்கிறான். தென்கரையில் எத்தனை மரம் என்பதில்தான் தகராறு. படத்தில் பதினொன்று இருக்கிறது. தான் கண்ணால் பார்த்தது பன்னிரண்டு என்று இவன் சாதிக்கிறான். நேற்று இரவும் இருவரும் போனில் அதையேதான் பேசிக்கொண்டிருந்தார்கள்.