ஹெட்செட்டில் நண்பரின் குரல் மட்டும் கேட்கவில்லையா?

திருவனந்தபுரத்தில் இருப்பவர் சென்னை நண்பருடன் இணைய விளையாட்டில் அணி சேர்கிறார். துப்பாக்கிச் சத்தம் தெளிவாகக் கேட்கிறது. நண்பரின் குரல் மட்டும் வரவில்லை. புதிய ஹெட்செட் வாங்கும் முன் கணினியின் ஒலி அமைப்பைப் பார்ப்பது நல்லது.

சில கேமிங் ஹெட்செட்டுகள் விண்டோஸில் 'கேம்', 'சாட்' என இரு கருவிகளாகத் தோன்றும். முதலாவதை இயல்புநிலை ஒலிக் கருவியாகவும், இரண்டாவதை இயல்புநிலைத் தகவல்தொடர்புக் கருவியாகவும் அமைக்க வேண்டும். உரையாடல் செயலியிலும் 'சாட்' தேர்வாகியிருக்க வேண்டும்.

உரையாடல் தொடங்கியதும் விளையாட்டின் ஒலி தணிந்தால், அது பழுதல்ல. அழைப்பின்போது மற்ற ஒலிகளை 80 சதவீதம் குறைப்பது விண்டோஸின் வழக்கமான அமைப்பு. 'கம்யூனிகேஷன்ஸ்' பகுதியில் 'டு நத்திங்' எனத் தேர்ந்தெடுத்தால் போதும்.

வழக்கமான புளூடூத் ஹெட்செட்டில் சிக்கல் வேறு. மைக் இயங்கியதும் இணைப்பு அழைப்பு முறைக்கு மாறி, இரு காதுகளிலும் ஒரே ஒலி கேட்கும். எதிரியின் காலடி இடப்பக்கமா, வலப்பக்கமா என்று தெரியாது. தனி மைக் பயன்படுத்தினால் ஸ்டீரியோ ஒலி தொடரும்.