‘வன்னி’ என்னும் சொல்

இலங்கையின் புவிச்சரிதவியற் படத்தை விரித்து நோக்குவோர், தீவின் மேற்கிலும் வடமேற்கிலும் வடக்கிலும் பரந்து கிடக்கும் ஒரு பெரும் பாறைப் பரப்புக்கு ‘வன்னித் தொகுதி’ என்று பெயரிடப்பட்டிருப்பதைக் காண்பர். அதே சொல் கிளிநொச்சி, முல்லைத்தீவு, வவுனியா மக்களின் பேச்சில் அவர்தம் நிலத்தின் பெயராகவும், பழைய ஏடுகளிற் சிற்றரசரின் பட்டமாகவும், தமிழ்நாட்டில் ஒரு பெருஞ் சாதியின் பெயருக்கு அடியாகவும், தேர்தற் சட்டத்தில் ஒரு மாவட்டத்தின் பெயராகவும் வழங்குகிறது. கல்லுக்கும் மனிதருக்கும் பொதுவாகிவிட்ட இச்சொல்லை யார், எப்பொழுது, எதற்காகக் கையாண்டனர் என்று ஆராய்வது வெறும் பொழுதுபோக்கன்று. நிலம் யாருக்குரியது என்ற வழக்கில் இச்சொல் அடிக்கடி சாட்சிக்கு அழைக்கப்படுகிறது. அச்சாட்சியின் வாக்குமூலத்தை முழுமையாக ஒருமுறை கேட்டுவைப்பது நல்லது.

முதலிற் கல்லைக் கேட்போம். இத்தீவின் ஏறத்தாழப் பத்தில் ஒன்பது பங்கு மிகப் பழைய உருமாறிய பாறைகளால் ஆயது. நடுவே மலைநாட்டைத் தாங்கும் பாறைகளை ‘உயர்நிலத் தொடர்’ என்றும், அதன் இருமருங்கும் கிடப்பனவற்றை ‘விஜயன் தொடர்’ என்றும் முன்னையோர் வகுத்தனர். ஆகவே நம் காலடியிற் கிடக்கும் கல் நெடுங்காலம் ‘மேற்கு விஜயன்’ என்றே பெயர் பெற்றிருந்தது. 1980களில் ஜெர்மானிய அறிஞரும் இலங்கை அறிஞரும் சேர்ந்து நடத்திய ஆய்வு இப்பிரிவினையை மாற்றியது. பாறையிலுள்ள நியோடிமியம் என்னும் மூலகத்தின் சமதானிகளைக் கொண்டு, அப்பாறைக்குரிய பொருள் புவியின் உள்ளிருந்து எப்பொழுது பிரிந்து வந்தது என்று கணிக்கலாம். 1988 இல் வெளிவந்த அக்கணிப்பின்படி உயர்நிலப் பாறைகளின் மூலப்பொருள் 200 முதல் 340 கோடி ஆண்டுகள் பழையது. மேற்கிலுள்ளதோ 100 முதல் 200 கோடி ஆண்டுகளே பழையது. மேற்கையும் கிழக்கையும் ஒரே தொடராகக் கொள்வதற்கும் ஆதாரம் போதவில்லை. 1991 இல் குறோனர், பி. ஜி. குரே, விதானகே ஆகிய மூவரும் மேற்குப் பகுதிக்கு ‘வன்னித் தொகுதி’ என்று தனிப்பெயர் வழங்கினர். ‘விஜயன்’ கிழக்கோடு நின்றுகொண்டான்.

மகாவம்சக் கதைத் தலைவனின் பெயர் நீங்கி, வன்னியின் பெயர் கல்லுக்கு வந்தது என்று நம்முட் சிலர் மகிழக்கூடும். வேறு சிலர் வருந்தவுங்கூடும். இரண்டும் பேதைமையே. அக்கல் இன்றைய உருவை அடைந்தது ஏறத்தாழ 55 முதல் 61 கோடி ஆண்டுகளுக்கு முன், கொண்டுவானா என்னும் பெருங்கண்டம் ஒட்டிச் சேர்ந்த காலத்தில். அன்று தமிழனும் இல்லை, சிங்களவனும் இல்லை. முதுகெலும்புள்ள உயிரே இல்லை. கல்லுக்கு முந்திய குடி என்று மேடையில் முழங்குவோரும், தம் இனத்துக்கெனவே இத்தீவு படைக்கப்பட்டது என்போரும் புவிச்சரிதவியலை ஒரு நாளேனும் பயில்வாராயின் மேடைகள் சற்று அமைதியுறும்.

இனி எல்லைகளை நோக்குவோம். புவிச்சரிதவியலாரின் வன்னி, குருநாகல், புத்தளம் மாவட்டங்களையும் கடந்து தெற்கே செல்கிறது. வடக்கிலோ, பிற்காலத்துக் கடலிற் படிந்த மயோசீன் சுண்ணாம்புக்கல்லின் கீழே மறைந்துவிடுகிறது. பூநகரியின் கல் யாழ்ப்பாணத்துக் கல்லே. பூநகரியானோ தன்னை வன்னியான் என்பான். தேர்தற் சட்டத்தின் வன்னி மூன்றாவது வகையினது: வவுனியா, முல்லைத்தீவு, மன்னார் ஆகிய மூன்றும் சேர்ந்ததே ‘வன்னித் தேர்தல் மாவட்டம்’, கிளிநொச்சி யாழ்ப்பாணத் தேர்தல் மாவட்டத்தைச் சேர்ந்தது. ஆக, கிளிநொச்சி நகரில் நிற்கும் ஒருவன் பேச்சு வழக்கின்படி வன்னியின் நடுவிலும் வாக்குச் சீட்டின்படி வன்னிக்கு வெளியிலும் நிற்கிறான். குருநாகல் மாவட்டத்தில் இன்றும் ‘வன்னி ஹத்பத்து’ உண்டு. வன்னியாராச்சி, வன்னிநாயக்க என்பன சிங்களக் குடும்பப் பெயர்கள். நுவரகலாவியவின் தலைமைக் குடும்பத்தார் ‘வன்னியா’ என்னும் பட்டந் தாங்கினர். இத்தீவின் ஆதிக்குடிகளாகிய வேடுவர் தம்மை ‘வன்னியல எத்தோ’, அதாவது காட்டில் வாழும் மக்கள் என்று சொல்லிக்கொள்கின்றனர். ஒரு மொழியாரின் தனிச்சொத்தாக இச்சொல் ஒருகாலும் இருந்ததில்லை.

சொல்லின் பிறப்புப் பற்றிப் பல கருத்துகள் உள. வடமொழி ‘வஹ்னி’யிலிருந்து வந்ததென்று கொண்டு, வேள்வித் தீயிற் பிறந்த வீர மரபினர் வன்னியர் என்பது ஒரு கதை. வன்னி மரத்தால் வந்த பெயர் என்பது மற்றொன்று. ஆனால் வன்னிக் காட்டுக்குப் பேர் தந்த மரங்கள் பாலையும் முதிரையுமே. ‘வனம்’ என்பதிலிருந்து வந்தது என்போர் பலர். ‘வன்’ என்னும் அடியையும் நாம் மறத்தலாகாது. சங்கச் சான்றோர் குறிஞ்சி முல்லை நிலங்களை வன்புலம் என்றும், வயலும் கடற்கரையும் சார்ந்தவற்றை மென்புலம் என்றும் வேறுபடுத்தினர். நிலத்தின் வன்மையும் அதன் மக்களது வாழ்க்கை முறையும் அவ்வொரு சொல்லில் அடங்கிக் கிடந்தன. ‘வன்னி’யின் வேர் இதுவேயென்று அறுதியிட்டுக் கூற நாம் முனையவில்லை. தீயிற் பிறந்த கதை யாருக்குப் பயன்பட்டது என்பதே கேட்கத்தக்க வினா. தமிழ்நாட்டிற் சோழர் காலக் கல்வெட்டுகளிற் படைத்தொடர்புடைய தலைவரைச் சுட்டிய இப்பெயரை, பிற்காலத்தில் வட மாவட்டங்களின் உழவரும் வயற்கூலிகளுமான மக்கள் தமதாக்கிக்கொண்டனர். 1931 ஆம் ஆண்டுக் குடிமதிப்பில் ‘வன்னியகுல க்ஷத்திரியர்’ என்று பதிவும் பெற்றனர். அம்மக்களே 1987 இல் இடஒதுக்கீடு கேட்டுச் சாலைகளை மறித்தனர். 1989 இல் மிகவும் பிற்படுத்தப்பட்டோருக்கு 20 விழுக்காடு ஒதுக்கப்பட்டது. அக்கினிக் கதை தராத ஒன்றைத் தெருப் போராட்டம் தந்தது.

ஈழத்தில் இச்சொல்லின் வரலாறு வேறு. 13 ஆம் நூற்றாண்டில் பொலன்னறுவை அரசு சிதைந்து, பெருங்குளங்களைக் காத்த ஆட்சி அமைப்புக் குலைந்தபோது, தெற்கே நகர்ந்த சிங்கள அரசுக்கும் வடக்கே எழுந்த யாழ்ப்பாண அரசுக்கும் இடையிலுள்ள காட்டுப் பரப்பிற் சிற்றரசர் தோன்றினர். இவரே வன்னியர், இவரது அதிகாரம் ‘வன்னிமை’. சூளவம்சமும் கோணேசர் கல்வெட்டும் வையாபாடலும் இவரைப் பேசுகின்றன. பேராசிரியர் சி. பத்மநாதன் இவரைப் பற்றி விரிவாக ஆராய்ந்திருக்கிறார். அவ்வேடுகளிற் ‘வன்னி’ என்பது பெரும்பாலும் பதவியின் பெயர், அல்லது அப்பதவிக்குரிய நிலத்தின் பெயர். அந்நிலத்தில் வரம்பு கட்டியவனுக்கு ஏட்டில் இடமில்லை. ஒல்லாந்தர் வந்தபின் வன்னி என்றால் யானை என்று பொருளாயிற்று: ஆண்டுதோறும் இத்தனை யானை திறையாக வரவேண்டும் என்பதே அவர்கள் வன்னியரிடம் கேட்டது. ஆங்கிலேயர் காலத்தில், 1803 இல், பண்டாரவன்னியன் முல்லைத்தீவுக் கோட்டையைக் கைப்பற்றினான். அவ்வாண்டு ஒக்டோபர் 31 ஆம் நாள் கற்சிலைமடுவில் வொன் டிறிபேர்க்கின் படை அவனைத் தோற்கடித்தது. அதைப் பொறித்த நடுகல்லை வென்றவர் பக்கத்தாரே நாட்டினர். தோற்றவனின் நினைவுச் சின்னமாக அதை மாற்றியவர் மக்கள்.

1895 இல் ஜே. பி. லூயிஸ் என்னும் ஆங்கில அதிகாரி வன்னி மாவட்டங்கள் பற்றி ஒரு கைந்நூல் வெளியிட்டார். உழைப்பு மிகுந்த நூல். இன்றும் நமக்குப் பயன்படுவது. ஆயினும் அக்காலத்து ஆட்சியாளர் கண்ணுக்கு வன்னி என்பது காய்ச்சலும் காடும் கைவிடப்பட்ட குளங்களும். அக்குளங்கள் ஏன் கைவிடப்பட்டன? காரணம் பலவெனினும் ஒன்றைக் கூறாமல் விடலாகாது. 1832 இல் கோல்புறூக் ஆணைக்குழுவின் பரிந்துரைப்படி இராசகாரியம் ஒழிக்கப்பட்டது. கட்டாய ஊழியம் ஒழிந்தது நன்றே. ஆனால் குளக்கட்டைப் பேணும் கூட்டு வேலையும் அதனோடு சேர்ந்து சட்டத்தின் துணையை இழந்தது; வேறோர் ஏற்பாடு அதனிடத்தில் வைக்கப்படவில்லை. 1856 இல் நீர்ப்பாசனக் கட்டளைச் சட்டத்தின் மூலம் பழைய வழமையை மீட்க அரசே முனைந்தது. இடையே 24 ஆண்டுகள் கழிந்திருந்தன. வன்னி தன்னியல்பாற் காடாய்ப் போயிற்று என்பார் இக்கணக்கையும் பார்க்கவேண்டும்.

இவ்விடத்திலேதான் கல்லும் சமுதாயமும் மெய்யாகச் சந்திக்கின்றன. யாழ்ப்பாணத்துச் சுண்ணாம்புக்கல் மழைநீரை உறிஞ்சித் தன் குகைகளிலும் துளைகளிலும் சேமித்துவைக்கும். கிணறு வெட்டியவன் தன் தோட்டத்துக்குத் தானே நீர் இறைத்துக்கொள்ளலாம். வன்னியின் கருங்கல் அவ்வாறன்று. மேலே கிறவலும் உக்கிய பாறையும் உள்ள அளவுக்கே நீர் நிற்கும். அதற்குக் கீழே வெடிப்பு உள்ள இடத்தில் மட்டும் கசியும். பங்குனியிற் கிணற்றை எட்டிப் பார்ப்பவருக்கு இது விளங்கும். எனவே மாரி மழையைத் தரையின் மேலேயே மறித்து வைத்தாலன்றி இங்கு நெல் இல்லை. குளம் தனியொருவனால் ஆவதன்று. கட்டு உடைந்தால் ஊர் முழுவதும் மண்வெட்டியோடு செல்லவேண்டும். துருசு திறக்கும் நாளை ஊர் கூடித் தீர்மானிக்கவேண்டும். செட்டிகுளம், கனகராயன்குளம், முத்தையன்கட்டு, நெடுங்கேணி என ஊர்ப்பெயர்கள் நீர்நிலைப் பெயர்களாகவே இருப்பதன் காரணம் பாறையிற் கிடக்கிறது. பாறையே சமுதாயத்தைப் படைத்தது என்று நாம் கூறவில்லை. அவ்வாறு கூறுவது இயந்திரப் பாங்கான பொருள்முதல்வாதம். இதே கல்லின் மேல் குளத்து நீரைப் பங்கிட்ட முறையில் உடையாருக்கு ஒரு நீதியும் குடிமைகளுக்கு வேறொரு நீதியும் இருந்தன. அதற்குக் கல் பொறுப்பாகாது.

மனிதக் கூட்டத்தின் பெயரைக் கல்லுக்கு இடும் வழக்கம் உலகெங்கும் உண்டு. உரோமரை எதிர்த்து நின்ற வேல்ஸ் நாட்டுச் சிலூரர் என்னும் குலத்தின் பெயரால் 1835 இல் மர்ச்சிசன் ‘சிலூரியன்’ காலத்தைப் பெயரிட்டார். ஒர்டோவிசர் என்னும் குலத்தின் பெயர் 1879 இல் லாப்வர்த்தால் மற்றொரு காலத்துக்கு வந்தது. இரு குலங்களும் அழிந்து நெடுங்காலமாயிற்று. மத்திய இந்தியக் கோண்டு மக்களின் நாட்டுப் பெயரே ‘கொண்டுவானா’. ஒரிசாவின் கோந்து மக்களின் பெயரால் 1902 இல் வாக்கர் என்பவர் ஒரு பாறைக்குக் ‘கொண்டலைற்று’ எனப் பெயரிட்டார்; நம் மலைநாட்டுப் பாறைகள் பலவற்றுக்கும் அப்பெயர் நெடுங்காலம் வழங்கிற்று. அக்கல் உக்கிப் பொக்சைற்றாகிறது. கோந்து மக்களில் ஒரு பிரிவினரான டொங்கிரியர் தெய்வமாகப் போற்றும் நியமகிரி மலையை அப்பொக்சைற்றுக்காகத் தோண்ட ஒரு பெருஞ் சுரங்க நிறுவனம் முற்பட்டது. 2013 இல் இந்திய உச்ச நீதிமன்றம் ஊர்ச் சபைகளின் கருத்தைக் கேட்கச் சொன்னது. கேட்கப்பட்ட 12 சபைகளும் மறுத்தன. ‘வன்னியல எத்தோ’ மக்களுக்கு அவ்வாய்ப்புக் கிட்டவில்லை. 1983 இல் மதுறு ஓயா தேசியப் பூங்கா அமைந்தபோது அவர்களுடைய வேட்டைக் காடு அவர்களுக்கே விலக்கப்பட்ட இடமாயிற்று.

வன்னிக்குத் திரும்புவோம். 2009 இன் பின் இச்சொல்லை முதன்முறை கேட்ட வெளிநாட்டார்க்கு அதன் பொருள் போரும் மெனிக் முகாமுமே. யாழ்ப்பாணத்துச் சில வாய்களில் ‘வன்னியான்’ என்பது நாகரிகம் அறியாதவன் என்னும் பொருளில் வழங்கியதையும் நாம் அறிவோம். போர்க்காலத்தில் அப்பேச்சுச் சற்று அடங்கிற்று. இடம்பெயர்ந்து வந்தோர்க்குச் சோறிட்டவன் வன்னியான்.

அவ்வன்னியானாலும் வன்னியானாக ஏற்கப்படாத ஒரு மக்கள் கூட்டம் உண்டு. 1977 ஆம் ஆண்டு வன்செயலின்பின் தோட்டங்களை விட்டோடி வந்த மலையகத் தொழிலாளர் பலர் வவுனியா, நெடுங்கேணிப் பக்கங்களிற் குடியேறினர். காடு வெட்டினர், யானையோடும் பாம்போடும் போராடினர். 1984 இல் டொலர், கென்ற் பண்ணைகளிலிருந்து வெளியேற்றப்பட்டோரும் அவர்களுட் சிலரே. இரண்டு தலைமுறை கழிந்த பின்னும் அவர்களுட் பலரிடம் காணி உறுதி இல்லை. கோயில் திருவிழாவிலும் கலியாணப் பேச்சிலும் அவர்கள் இன்றும் ‘தோட்டக்காட்டார்’.

புத்தளம் மாவட்டத்துத் தோணிகலவில் இளஞ்சிவப்புக் கருங்கல் ஒன்று உண்டு. சூழ இருக்கும் பாறைகளுக்குக் காலத்தாற் பிந்தியது. அவை உறைந்து உருமாறிய பின்னர் உருகிய குழம்பாய் உள்ளே புகுந்து இறுகியது. புவிச்சரிதவியலார் அதையும் வன்னித் தொகுதியிலேயே சேர்த்து எழுதுகின்றனர். கல்லையும் மனிதரையும் ஒப்பிடுவதற்கு ஓர் அளவுண்டு; ஆயினும் ‘பூர்வீகம்’ என்னும் சொல்லை நம் ஊர்ச் சபைகளில் எடுத்துப் பேசுவோர், கிராம அலுவலரின் பதிவேட்டில் அக்குடும்பங்கள் எத்தனை ஆண்டுகளாக ‘தற்காலிகக் குடியிருப்பாளர்’ என்று இருக்கின்றன என்பதை முதலிற் பார்த்து வரட்டும்.