மனச்சாட்சியின் விண்ணப்பமும் கோயில் நிலங்களும்

தென்னிந்தியத் திருச்சபை வரலாற்றைக் கற்பிக்கையில் 1836ஆம் ஆண்டின் சென்னை விண்ணப்பத்தை நாம் பெருமையோடு எடுத்துரைப்பது வழக்கம். குருமார், மிஷனெரிமார், கும்பினி அரசாங்கத்தின் அலுவலர், படை அதிகாரிகள் என ஏறத்தாழ 200 பேர் கையொப்பமிட்ட அவ்விண்ணப்பத்தை அரசாங்கத்துக்கு அனுப்பியதற்காகச் சென்னைப் பேராயர் தானியேல் கோரி கண்டனத்துக்கு ஆளானார். சேனாதிபதி சர் பெரக்ரின் மெயிட்லண்டும் இதே மனச்சாட்சிப் போராட்டத்தை முன்னிட்டு 1838இல் பதவியைத் துறந்தார். இவை மெய்யே. ஆயினும் விண்ணப்பம் வெற்றி பெற்றபின் கோயில்களின் நிலங்களுக்கு நேர்ந்தது யாது என்னும் வினா நம் வகுப்புகளில் எழுவதில்லை. இன்று நீதிமன்றங்களில் தேங்கிக் கிடக்கும் கோயில் நில வழக்குகளின் வேர்களுள் ஒன்று அங்கேதான் இருக்கிறது.

கும்பினியார் கோயில் நிர்வாகத்தில் நுழைந்தது பக்தியினால் அன்று. தேவதானமாக அரசர்கள் விட்ட நிலங்கள் பலவற்றை அவர்கள் தங்கள் வரிக்கணக்கில் சேர்த்துக்கொண்டு, ஈடாகத் தஸ்திக் என்னும் ரொக்கப் படியைக் கோயில்களுக்கு அளித்தனர். எஞ்சிய மானியங்களின் வருமானம் கொடையாளரின் நோக்கத்துக்கு மாறாகச் செலவிடப்படுகிறது என்று கூறி, 1817ஆம் ஆண்டின் 7ஆம் ஒழுங்குமுறைச் சட்டத்தை இயற்றினர். இதன்படி கோயில், மசூதி, கல்விச்சாலை ஆகியவற்றின் அறக்கொடைகள் வருவாய் வாரியத்தின் மேற்பார்வைக்குள் வந்தன. கலெக்டர்கள் நிலங்களைக் குத்தகைக்கு விட்டனர், கணக்குகளைச் சோதித்தனர், பழுதுபார்க்கும் பணிகளை நடத்தினர். அத்தோடு நில்லாமல், தேர் இழுக்க ஊராரை வலிந்து கூட்டிவருவதும் சர்க்கார் சேவகர்களின் வேலையாயிற்று. திருவிழாக்களுக்குப் படையினரின் மரியாதையும் நடந்தது. இக்கட்டாயத்தில் கிறிஸ்தவர்களும் அகப்பட்டார்கள். இதிலிருந்து விலகும்படி லண்டன் இயக்குநர்கள் 1833இலேயே எழுதியிருந்தும் சென்னை அரசாங்கம் அசையவில்லை. அந்நிலையில் எழுந்த விண்ணப்பம் நீதியானது என்பதில் நமக்கு ஐயமில்லை.

ஆனால் கலெக்டரின் கைகளில் இரு வேறு பணிகள் ஒன்றாய்ப் பிணைந்திருந்தன. ஒன்று வழிபாட்டுக்கு மரியாதை செய்வது. மற்றொன்று நிலத்துக்குக் கணக்குக் கேட்பது. முன்னதைக் கைவிட வேண்டியிருந்தது. பின்னதை மனச்சாட்சி உறுத்தாமலே செய்திருக்கக் கூடும். உருவ வழிபாட்டோடு தொடர்பறுத்தல் என்னும் ஒரே நோக்கில் இவ்வேற்றுமை மறைந்துபோயிற்று. 1841 முதல் 1843 வரையிலான ஆண்டுகளில் அரசாங்கம் இரண்டையும் சேர்த்தே உதறியது. சில கோயில்கள் மடாதிபதிகளிடமும், சில பரம்பரைத் தர்மகர்த்தாக்களிடமும், சில ஊர்ப் பிரமுகர்களிடமும் ஒப்படைக்கப்பட்டன. 1817ஆம் ஆண்டுச் சட்டம் ஏட்டில் இருந்தது. அதை நடத்தக் கைகள் இல்லை.

இந்த இடைக்காலத்தில்தான், 1858இல், இனாம் கமிஷன் வந்தது. இனாம் நிலங்களின் உரிமையை ஆராய்ந்து பட்டயம் அளிப்பது அதன் பணி. அறநிறுவனங்களின் இனாம்கள், அவற்றுக்குரிய பணி நடைபெறும் வரையில் செல்லுபடியாகும் என உறுதிசெய்யப்பட்டன. அங்கே தொடங்கிய வழக்குகளுக்கு முடிவில்லை. கொடை தெய்வத்துக்கா, பூசை செய்யும் அர்ச்சகருக்கா? கொடுக்கப்பட்டது அரசுக்குரிய மேல்வாரம் மட்டுமா, உழுபவனின் குடிவாரமும் சேர்த்தா? வரி உரிமை மட்டுமே கொடுக்கப்பட்டது என்று முன்கூட்டியே அனுமானித்தல் தகாது என 1918இல் பிரிவி கவுன்சில் தீர்ப்பளித்தது. அந்த ஓர் அனுமானம் மறைந்ததால் பல உழவர்களின் வழக்கு வலுவிழந்தது.

1863ஆம் ஆண்டின் 20ஆம் சட்டம் அரசாங்கத்தின் விலகலை நிரந்தரமாக்கியது. மேற்பார்வைக்கென நியமிக்கப்பட்ட குழுவினர் ஆயுள்காலப் பதவியினர். ஊழலை எதிர்க்க விரும்பும் பக்தனுக்கு எஞ்சிய வழி, தன் கைப்பொருளைச் செலவிட்டு நீதிமன்றம் ஏறுவதே. இதற்கிடையே நிலையான குத்தகை, ஒற்றி, கிரயம் எனப் பல பெயர்களில் நிலங்கள் கைமாறின. மடாதிபதி சட்டப்பொருளில் டிரஸ்டி அல்லர் என்றும், தம் ஆயுளுக்கு மேல் நிற்கக்கூடிய நிலையான குத்தகையை அவசியமின்றி அவர் அளிக்க இயலாது என்றும் 1921இல் பிரிவி கவுன்சில் கூறிற்று. பழைய கைமாற்றங்கள் பல இதனால் ஆட்டங்கண்டன. 1929இல் காலவரையறைச் சட்டத்தையே திருத்த வேண்டியதாயிற்று.

அரசு மீண்டும் உள்ளே வந்தது நீதிக்கட்சி ஆட்சியின் முயற்சியால். 1927ஆம் ஆண்டுச் சட்டம் அறநிலைய வாரியத்தை நிலைநிறுத்தியது. 1951ஆம் ஆண்டுச் சட்டம் வாரியத்துக்குப் பதிலாகத் துறையை அமைத்தது. 1959ஆம் ஆண்டுச் சட்டம் இன்றும் நடைமுறையில் உள்ளது. 1836இல் ஒருவரும் பிரித்துக் காணாததை அரசியலமைப்பின் 25ஆம் பிரிவு தெளிவாகப் பிரித்துக் காட்டுகிறது: சமய வழிபாடு சுதந்தரமானது, அதனோடு சேர்ந்த பொருளாதார நடவடிக்கை சட்டத்தின் ஒழுங்குக்கு உட்பட்டது. 1954இல் சிரூர் மடத்து வழக்கில் உச்ச நீதிமன்றம் இவ்வேற்றுமையையே விளக்கிற்று.

எனினும் சிக்கல் தீர்ந்துவிடவில்லை. அறக்கட்டளை நிலங்களின் குத்தகைக்கென 1961இல் ஒரு சட்டமும், இனாம் ஒழிப்புக்கென 1963இல் வேறு சட்டங்களும் பிறந்தன. ஒரே வயலைக் கோயில் தன்னுடையதென்றும், குத்தகைதாரர் தலைமுறையாய் உழுத உரிமையென்றும், இனாம்தாரரின் வாரிசு தம் பட்டா என்றும் கோருவதை இன்றும் காண்கிறோம். 1980களின் நடுவில் 5.25 இலட்சம் ஏக்கர் எனக் குறிக்கப்பட்ட கோயில் நிலம், அண்மைக் குறிப்புகளில் சுமார் 4.78 இலட்சம் ஏக்கராகக் காணப்படுவது ஏன் என்று 2021இல் சென்னை உயர்நீதிமன்றம் வினவியது. அதே ஆண்டு ஜூன் மாதம் கோயில்களையும் அவற்றின் சொத்துக்களையும் காக்க 75 கட்டளைகளையும் அது பிறப்பித்தது.

ஆக்கிரமிப்பாளர் என்னும் ஒரே சொல்லுக்குள், நகரத்து மனையை மலிவு வாடகையில் அனுபவிக்கும் செல்வரும், மூன்று தலைமுறையாய்க் கோயில் நிலத்தில் குடிசை போட்டிருக்கும் கூலியாளும் அடங்கிவிடுகிறார்கள். காவிரிப் படுகையில் போதகப் பணி செய்யும் நம்மவர்க்கு இந்த இரண்டாமவனைத் தெரியும். சில இடங்களில் அவன் நம் சபையின் அங்கத்தினன். அவனுக்காகப் பேசச் செல்லும் போதகர், இந்நிலம் எவ்வாறு காவலின்றி விடப்பட்டது என்பதை அறிந்து செல்வது நலம். கோயில் அதிகாரி அவ்வரலாற்றை அறிந்திருக்கக் கூடும்.

25ஆம் பிரிவு இந்து நிறுவனங்களுக்கு மாத்திரம் எழுதப்பட்டதன்று. மிஷன் காலத்து வளாகங்களும் மனைகளும் எவ்விலைக்கு, எவர் கையெழுத்தால் கைமாறின என்று கேட்கப்படும்போது, சமயச் சுதந்தரம் என்று பதிலுரைப்போர் நம்மிடையேயும் உண்டு. 1841க்குப் பின் தர்மகர்த்தாக்கள் பலர் சொன்ன பதிலும் ஏறக்குறைய அதுவே.